விக்கல் என்னுடையது

அந்தப் பலாப்பழத்த மட்டும் இடிக்காம உக்காருங்க தம்பி, முள்ளு குத்தும். சீட்டுக்கு அடியில வைக்கலாம்னு பாத்தேன். கண்டக்டர் விட மாட்டேங்கிறாரு, உருண்டு போயி டிரைவர் காலுக்கடியில மாட்டிக்குமாம். இனிமே மெட்ராஸ் வரைக்கும் மடியிலதான். பண்ருட்டியில ஒரு கூட்டம். சால்வை போத்துனாங்க, சரின்னு நின்னேன். உடனே கையில இதக் குடுத்துட்டாங்க. மாலைன்னா கழட்டி வச்சிடலாம். இத என்ன பண்றது, சொல்லுங்க.

என்ன அப்படிப் பாக்குறீங்க? எங்கயோ பாத்த முகமாத் தெரியுதா? தெரியும், தெரியும். எல்லாரும் இப்படித்தான் பாப்பாங்க. சொந்தக்காரனோ, பேங்குல பாத்த ஆளோன்னு யோசிப்பாங்க. நானே சொல்லிடறேன். விக்கல் வேதாசலம் படம் பாத்திருக்கீங்களா? உங்க அப்பாவாவது பாத்திருப்பாரு. அவன் விக்கும்போது பக்கத்துல ஒருத்தன் நிப்பான், ஒல்லியா, கழுத்து நீளமா. "என்னடா?"ன்னு கேப்பான். அந்த ஆளு நாந்தான். பேரு புன்னைவனம், சங்கரன்கோயில் பக்கம். டைட்டில்ல "மற்றும் பலர்"னு போடுவாங்கல்ல, அந்தப் பலர்ல நான் ரொம்ப முக்கியமானவன்.

இன்னைக்குக் கூட்டமே அவனுக்குத்தான். வேதாசலம் செத்து ஒரு வருஷம் ஆச்சு. சொந்த ஊர் அது, பள்ளிக்கூடத்து ஹால்ல அவன் படத்தத் திறந்து வச்சாங்க. நான் எதுக்குப் போனேன்னு நெனைக்கிறீங்க? அழறதுக்கா? அதுதான் இல்ல. நியாயம் கேக்கப் போனேன்.

மொதல்ல இருந்து சொல்றேன். விழுப்புரம் வரவே நேரம் ஆகும்.

அவனும் நானும் மதுரையில ஒரே நாடகக் கம்பெனி. நான் மந்திரி வேஷம் போடுவேன். அவன் வாயில்காப்போன். பாத்துக்குங்க, அங்கயே எனக்கும் அவனுக்கும் எவ்வளவு உசரம் வித்தியாசம்னு. கம்பெனியக் கலைச்சதும் ரெண்டு பேரும் ஒரே ரயில்ல மெட்ராஸ் வந்தோம். அம்பத்தொண்ணுல ஒரு ராஜா கதைப் படத்துல ரெண்டு பேருக்கும் காவலாளி வேஷம் கெடைச்சுது. அவனுக்குச் சும்மா ஈட்டியப் புடிச்சிக்கிட்டு நிக்கிற வேலை. எனக்கு வசனம் உண்டு. "மன்னா, எதிரி நாட்டிலிருந்து ஓலை வந்திருக்கிறது." எப்படி இருக்கு? சும்மா பஸ்ல சொல்றப்பவே கம்பீரமா இல்ல?

அன்னைக்குக் காலையில கேன்டீன்ல ஆறு இட்லி, ரெண்டு போண்டா. அவசரமாச் சாப்பிட்டுட்டேன். பயம்லாம் ஒண்ணும் கெடையாது. அவசரம், அவ்வளவுதான். கேமரா ஓடுது. "மன்னா"ன்னு ஆரம்பிச்சேன். "மன்"னு வந்துச்சு, "னா" வரல. நடுவுல விக்கல் வந்துடுச்சு. டைரக்டர் கட்டுன்னாரு. தண்ணி குடிச்சேன். மறுபடி அதே. மூக்கப் புடிச்சிக்கிட்டு நூறு எண்ணச் சொன்னாங்க, எண்ணுனேன். மறுபடி "மன், ஹிக்." ராஜா வேஷம் போட்டிருந்தவரு கிரீடத்தக் கழட்டி மடியில வச்சுக்கிட்டாரு. மூணாவது தடவ டைரக்டர் என்கிட்ட வந்து தோள்ல கைய வச்சு, "தம்பி, டிரெஸ்ஸக் கழட்டிக் குடுத்துட்டு ஊருக்குப் போயி நல்லா ஓய்வெடு"ன்னாரு. அக்கறையான மனுஷன். யாரு அப்படிச் சொல்லுவா?

அப்பதான் வேதாசலம் குறுக்க வந்தான். "சார், இன்னும் ஒரே ஒரு தடவ"ன்னான். இவன் ஏன் பேசுறான்னு எனக்கே கோவம். டைரக்டர் என்ன நெனச்சாரோ, சரின்னுட்டாரு. கேமரா ஓடுது. நான் "மன்"னேன். விக்கல். அந்த நொடியில இந்தப் பய, பக்கத்துல சும்மா நிக்க வேண்டியவன், என்னவிடப் பெருசா ஒரு விக்கல் விக்குனான் பாருங்க. விக்கிட்டு, தன் வாயப் பொத்திக்கிட்டு, கையில இருந்த ஈட்டிய மேலயும் கீழயும் ஒரு பார்வை பாத்தான், விக்குனது ஈட்டின்ற மாதிரி. எனக்குத் திகைப்பு. "என்னடா?"ன்னு கேட்டுட்டேன். வசனத்துல இல்ல அது, தானா வந்துடுச்சு. மேல லைட் புடிக்கிறவங்க சிரிச்சாங்க. ராஜா சிரிச்சாரு. டைரக்டர் வயித்தப் புடிச்சிக்கிட்டு நாற்காலியில உக்காந்துட்டாரு. "ரெண்டு பேரும் அப்படியே இருங்கடா, இப்படியே வரட்டும்"னாரு.

படம் வந்துச்சு. தியேட்டர்ல அந்த எடம் வந்தா ஜனம் கூரை பிச்சிக்கிற மாதிரி சிரிக்குது. யாரப் பாத்து? அவனப் பாத்து. எனக்கு விக்கல் வந்துச்சு, அவனுக்குப் பேரு வந்துச்சு. அன்னையிலருந்து விக்கல் வேதாசலம். நீங்களே சொல்லுங்க தம்பி, அந்த விக்கல் யாரோடது? அவன் ஜென்மத்துல அவனுக்குத் தானா ஒரு விக்கல் வந்து நான் பாத்ததில்ல. எல்லாம் செயற்கை.

அப்புறம் அவன் ஏறினான், ஏறினான், அப்படி ஏறினான். பள்ளிக்கூடத்துல பிள்ளைங்கள்லாம் வாத்தியார் பேர் கூப்பிட்டா "உள்ளேன் ஹிக் ஐயா"ன்னுதுங்க. ஒரு வாத்தியார் பத்திரிகைக்குக் கடுதாசியே போட்டாரு. வேலூர்ல ஒருத்தர் விக்கல் மார்க் கோலி சோடான்னு போட்டு வித்தாரு. கல்யாணத்துக்குப் போனா, தாலி கட்டுறதுக்கு முன்னால ஒரு விக்கல் விக்குங்கன்னு மாப்பிள்ளையோட அப்பா கையப் புடிச்சுக் கெஞ்சுவாரு. இவனும் விக்குவான். பக்கத்துல நான் "என்னடா?"ம்பேன். பொண்ணு தலையக் குனிஞ்சிக்கிட்டே சிரிக்கும்.

எந்தப் படத்துக்கு யாரு கூப்பிட்டாலும் அவன் ஒரு வார்த்தை சொல்லுவான், "பக்கத்துல புன்னைவனம் நிக்கணும்." பின்ன? நான் இல்லாம அவனுக்கு நடிக்க வராது. பாவம். ஒரு டைரக்டர், பேர் வேண்டாம், "இவருக்குப் பதிலா ஒரு குள்ளமான ஆளப் போட்டா நல்லா இருக்கும்"னாரு. வேதாசலம் மேக்கப்பக் கலைச்சுட்டுக் காருல போய் உக்காந்துட்டான். அவ்வளவு பயம் அவனுக்கு, நான் இல்லாம. தினம் காலையில வடபழனியில என் ரூம் வாசல்ல வண்டி வந்து நிக்கும். வழி சொல்ல ஆள் வேணும்ல. டிரைவருக்கு வழி தெரியும்தான். இருந்தாலும்.

முப்பத்தொரு படம். முப்பத்தொண்ணுலயும் எனக்கு அந்த ஒரே வசனம். லேசா நெனைச்சிடாதீங்க. நீங்க "என்னடா?"ன்னு சொல்லிப் பாருங்க. சும்மா சொல்லுங்க. ம்ஹூம், நீங்க கேக்குறது கேள்வி. நான் சொன்னது வசனம். திருட்டு நகைய ஒளிக்கிறப்ப ஒரு "என்னடா?", பொண்ணு பாக்கப் போன எடத்துல ஒரு "என்னடா?", பேய் வீட்டுல ஒண்ணு. ஒவ்வொண்ணும் வேற வேற. யாரும் கவனிக்கல. எல்லாம் அவன் விக்கலத்தான் கவனிச்சாங்க.

ஒருநாள் கேட்டேன். "டேய் வேதா, விக்கல் என்னுதுன்னு நீ ஒரு பேட்டியிலயாவது சொல்லலாம்லடா?"ன்னேன். "சொல்றேன்டா"ன்னான். அடுத்த வாரமே பத்திரிகைக்காரன் வந்தப்ப, என்னப் பக்கத்துல உக்கார வச்சு, "இந்த விக்கலுக்குச் சொந்தக்காரன் இவன்தான், நான் இரவல் வாங்கினவன்"னு சொன்னான். எனக்கு நெஞ்சு நெறைஞ்சுபோச்சு. பத்திரிகை வந்துச்சு. தலைப்பு என்ன தெரியுமா? "வேதாசலத்தின் பணிவு." பாத்தீங்களா சாமர்த்தியத்த? உண்மையச் சொல்லி அதுலயும் பேரு வாங்கிட்டான்!

பொறுக்குமா? அறுபத்து மூணுல கோயமுத்தூர்க்காரர் ஒருத்தர் படம் எடுக்க வந்தாரு. "ஆறுமுகத்தின் அவசரம்"னு பேரு. ஆறுமுகம் யாரு? நாந்தான். தனி காமெடி, படம் பூரா நானே. வேதாசலம்கிட்டப் போயி, "இனிமே நான் தனி"ன்னேன். அவன் அப்ப எண்ணெய் தேய்ச்சுக்கிட்டு உக்காந்திருந்தான். அப்புறம், "நல்லா பண்ணுடா"ன்னான். முகம் சுண்டிப்போச்சு. பொறாமை. அவன் சம்சாரம் குஞ்சிதம், "அண்ணே, மதியம் சாப்பிட்டுப் போங்க"ன்னுது. சாப்பிட்டேன். சாப்பாட்டு மேல எனக்கு ஒண்ணும் கோவமில்ல.

அந்தப் படத்துல நான் விக்குனது எல்லாம் அசல். ஒவ்வொரு தடவயும் கேமரா ஓடுறதுக்கு முன்னால ஒரு கைப்பிடி பொட்டுக்கடலை மாவ வாயில போட்டுக்குவேன். மாவு அடைச்சு, கண்ணு பிதுங்கி, விக்கல் வரும். சில நேரம் வராது. இருபது பேர் நின்னு எனக்கு விக்கல் வரட்டும்னு காத்திருப்பாங்க. ஒரு நாள் சாயங்காலம் வரைக்கும் வரவே இல்ல. பேக்கப் சொன்னதும் வந்துச்சு. கலைன்னா அப்படித்தான்.

மொத நாள் மேட்னிக்கு நானே போனேன், தலையில துண்டப் போட்டுக்கிட்டு, யாருக்கும் தெரியாம. துண்டு போடாட்டியும் யாருக்கும் தெரியாதுதான். படம் ஓடுது. என் மொத விக்கல் வருது. சத்தமே இல்ல. ஒருத்தரு முறுக்கு கேட்டாரு. ரெண்டாவது விக்கல். ஒரு கொழந்தை அழுதுச்சு. மூணாவது விக்கல் வந்தப்ப, தம்பி, பால்கனியில இருந்து ஒரே ஒரு சிரிப்பு. "ஹா ஹா ஹா"ன்னு அந்தத் தியேட்டரே கேக்குற மாதிரி. திரும்பிப் பாக்குறேன். மே மாசம், வெயில் கொளுத்துது, ஒருத்தன் குரங்குக் குல்லாவும் கறுப்புக் கண்ணாடியும் போட்டுக்கிட்டு உக்காந்திருக்கான். வேதாசலம். எனக்கு அவன் மண்டை வடிவம் தெரியாதா? அதுக்கப்புறம் ஒவ்வொரு விக்கலுக்கும் அவன் சிரிக்கிறான். அவன் சிரிக்கிறதக் கேட்டு அக்கம் பக்கத்துல நாலு பேரு சிரிக்கிறாங்க. நான் இடைவேளையிலயே எந்திரிச்சு வந்துட்டேன்.

மறுநாள் காலையில நேரா அவன் வீட்டுக்குப் போனேன். வாசல்லயே கேட்டேன்.

"ஏன்டா வந்து சிரிச்ச?"

"நல்லா இருந்துச்சுடா, சிரிச்சேன்."

"பொய் சொல்லாத. ஊரே சும்மா இருக்கு, நீ மட்டும் சிரிக்கிற. கேலிதான?"

"கேலி இல்லடா புன்னை. உன்னுது நெசமான விக்கல். எனக்கு அது வராது."

இது வேற! குத்திட்டுத் தடவுறான். குஞ்சிதம் காப்பி கொண்டுவந்துச்சு. குடிக்கல. திரும்பி நடந்தேன். அவன் கேட் வரைக்கும் வந்தான். "புன்னை, வண்டியில கொண்டு விடுறேன்டா"ன்னான். நான் பஸ்ஸப் புடிச்சுப் போயிட்டேன். அதோட சரி. இருபத்திரண்டு வருஷம் பேசல. ஆறே நாள்ல தியேட்டர்ல இருந்து படத்த எடுத்துட்டாங்க. எடுக்காம? மொத நாளே ஒருத்தன் இப்படிச் சிரிச்சு ராசியக் கெடுத்தா எந்தப் படம் ஓடும்?

அப்புறம் எனக்கு ஒண்ணும் குறை இல்ல. வடபழனியில ஒரு லாட்ஜ் ஓனர் தானா தேடி வந்தாரு. "உங்க தோரணைக்கு நீங்க மேனேஜரா இருந்தா நல்லா இருக்கும்"னாரு. முன்னப் பின்னத் தெரியாத மனுஷன். என்ன தோரணைய எங்க பாத்தாரோ. பண்ருட்டிக்காரரு. இன்னைக்கு வரைக்கும் அங்கதான் இருக்கேன், தனி ரூம், ரெண்டு வேளை சாப்பாடு.

அவன்தான் எறங்கிட்டான். நான் சொல்லல, ஊரே சொல்லுச்சு. கலர் படம் வந்துச்சு, புதுப்பசங்க வந்தாங்க, விக்கலுக்கு யாரும் சிரிக்கல. என் எடத்துல யாரையோ நிக்க வச்சுப் பாத்தான். ஒரு படத்துல ஒருத்தன், இன்னொண்ணுல வேற ஒருத்தன். ஒருத்தனும் ஒத்து வரல. அப்புறம் கணக்குப்பிள்ளையா வந்தான், பொண்ணுக்குத் தாய்மாமனா வந்தான். கடைசியா ஒரு படத்துல கல்யாணப் பந்தல்ல உக்காந்திருந்தான், வசனமே இல்ல. நான் பாத்தேன். எல்லாப் படமும் பாத்தேன். எவ்வளவு எறங்குறான்னு பாக்கணும்ல? அந்தக் கல்யாணப் பந்தல் படத்துல மட்டும் அவன் இருக்குற எடம் வரைக்கும் பாத்துட்டு வந்துட்டேன். தலைவலி.

போன வருஷம் போயிட்டான். தெருமுனை வரைக்கும் போனேன். கூட்டம் ஜாஸ்தியா இருந்துச்சு, திரும்பிட்டேன். ஒரு நாப்பது பேர் இருந்தாங்க.

ஒரு மாசத்துக்கு முன்னால அவன் பொண்ணு லாட்ஜுக்கு வந்தா. தையல்நாயகின்னு பேரு, கடலூர்ல டீச்சர். சின்னதுல என் முதுகுல ஏறிக்கிட்டுத் திரிஞ்ச பொண்ணு. "மாமா, அப்பா படத்திறப்பு வச்சிருக்காங்க. நீங்க பேசணும்"னா. நான் உடனே சரின்னேன். உள்ளுக்குள்ள என்ன நெனச்சேன் தெரியுமா? விடக்கூடாது. அவன் ஊர்லயே, அவன் படத்துக்கு முன்னாலயே, உண்மையப் போட்டு உடைக்கணும். ஒரு மாசம் ரூம்ல நின்னு பேசிப் பேசிப் பாத்தேன்.

இன்னைக்குக் காலையில பத்து மணிக்குக் கூட்டம். எரநூறு பேர் இருப்பாங்க. குஞ்சிதம் மொத வரிசையில உக்காந்திருந்துச்சு, தல நரைச்சு, ஒரு பிடி ஆளா. எனக்கு முன்னால மூணு பேரு பேசுனாங்க, வள்ளல், மேதை, சிகரம். எனக்குக் காது எரியுது. அப்புறம் என்னக் கூப்பிட்டாங்க. மைக்கப் புடிச்சேன். ஒரு மாசமா தயார் பண்ணுன மொத வரியச் சொன்னேன்.

"பண்ருட்டிப் பெருமக்களே, அந்த விக்கல் என்னுடையது."

அதோட நான் விடல. "அவனுக்கு விக்கலே வராது. பக்கத்துலயே நின்னிருக்கேன், ஒரு தடவகூட வந்ததில்ல. ஆறு இட்லி தின்னது நான், ரெண்டு போண்டா தின்னது நான், விக்கல் அவனுதா?"ன்னு கேட்டேன்.

சிரிச்சாங்க தம்பி. ஹால் பூரா. எனக்குப் புரியல. பின்னால யாராவது ஏதாவது பண்றாங்களான்னு திரும்பிப் பாத்தேன், வேதாசலம் படம்தான் இருந்துச்சு. அதுக்கும் சிரிச்சாங்க. "சிரிக்காதீங்க, நான் வழக்குச் சொல்ல வந்திருக்கேன்"னேன். ஒருத்தரு பெஞ்சத் தட்டிச் சிரிக்கிறாரு.

அப்பதான் எனக்கு ஒண்ணு தெரிஞ்சுது. சிரிப்பு வந்தா எவ்வளவு நேரம் நிக்கணும், எப்ப அடுத்த வார்த்தைய எடுக்கணும்னு எனக்குத் தெரியல. நாடகத்துல இருந்த காலத்துலருந்து அதெல்லாம் அவன்தான் பாத்துக்குவான். ஜனம் சிரிக்க ஆரம்பிச்சா என் முழங்கையப் புடிச்சுக்குவான். சிரிப்பு அடங்கி வர்றப்ப விடுவான், அப்ப நான் பேசணும். அத்தனை வருஷமும் அப்படித்தான். ஏதோ பழக்கதோஷம்னு நெனச்சிருந்தேன். இன்னைக்கு மைக்குக்கு முன்னால நான் கைய எங்க வைக்கிறதுன்னு தெரியாம நிக்கிறேன்.

குஞ்சிதத்தப் பாத்தேன். முந்தானைய வாயில வச்சு அமுக்கிக்கிட்டிருக்கு, தோள் குலுங்குது. அய்யோ, அழ வச்சுட்டோமேன்னு பதறிட்டேன். நிறுத்தப் போனேன். தையல்நாயகி பக்கத்துல இருந்து "நிறுத்தாதீங்க"ன்னு கையக் காட்டுறா. அப்புறம்தான் தெரியுது, அது சிரிக்குது. சத்தம் வராம, கண்ணுல தண்ணி வர்ற அளவுக்குச் சிரிக்குது.

நான் என்ன பண்ண? மீதியையும் சொன்னேன். பேட்டிக் கதை, கோலி சோடா, அவன் மேக்கப்பக் கலைச்சுட்டுப் போனது. அரை மணி நேரம் அவனத் திட்டுனேன். கொஞ்சம் கூட்டிக் குறைச்சும் சொன்னேன், பொய் சொல்ல மாட்டேன். குஞ்சிதம் எந்த எடத்துல சிரிக்குதோ அந்த எடத்த ரெண்டு தடவ சொன்னேன். ஆறுமுகம் கதைய மட்டும் சொல்லல. அது வேற விஷயம்.

சாப்பாட்டுல குஞ்சிதம் எனக்கு எதிர் இலையில உக்காந்துச்சு. அதுவே பேச்ச எடுத்துச்சு.

"அண்ணே, உங்க படத்துக்கு அவரு ஆறு நாளும் போனாரு."

"ஆறு நாளா?"

"ஆமா. மொத நாள் மட்டும் தனியா. அப்புறம் என்னைய, டிரைவர, சமையக்காரர, தோட்டக்காரர எல்லாரையும் கூட்டிக்கிட்டுப் போவாரு. எந்த எடத்துல சிரிக்கணும்னு கார்லயே சொல்லிக் குடுப்பாரு. ஆளுக்கொரு மூலையில உக்காரணும்பாரு. தோட்டக்காரர் ஒரு எடத்துல மறந்துட்டாருன்னு அப்படி ஒரு கோவம் அவருக்கு."

பாத்தீங்களா தம்பி? குடும்பத்தோட கேலி! ஒரு நாள் பத்தாதுன்னு ஆறு நாள்! அப்படித்தான் எனக்கு மொதல்ல சுர்ருன்னு வந்துச்சு. சாம்பார் சோறு முடிஞ்சு ரசத்துக்கு வந்தப்ப இன்னொரு யோசனை வந்துச்சு. ஒருத்தனக் கேலி பண்றதுக்குத் தோட்டக்காரன எதுக்கு மூலையில உக்கார வைக்கணும்? அவன் மறந்தா எதுக்குக் கோவிக்கணும்? மோர் ஊத்த வந்தாங்க, வேண்டாம்னு எந்திரிச்சுட்டேன். அத இன்னும் யோசிச்சுக்கிட்டுத்தான் வர்றேன். சரியாப் பிடிபடல.

கை கழுவுற எடத்துக்குத் தையல்நாயகி வந்தா.

"மாமா, அடுத்த மாசம் கடலூர்ல ஒரு கூட்டம் வைக்கிறாங்க. அம்மாவும் வர்றாங்க. நீங்க வரணும்."

"நான் எதுக்கும்மா? அங்கதான் புகழ்ந்து பேச ஆளிருக்கே."

"அதுக்கில்ல மாமா. நீங்க வந்து அப்பாவத் திட்டணும். அப்பா போனதுக்கப்புறம் அம்மா இன்னைக்குத்தான் இலையில இன்னும் கொஞ்சம் சோறு போடுன்னு கேட்டுச் சாப்பிட்டாங்க."

நான் குழாய மூடாம நின்னுட்டேன். அவ மூடுனா.

ஒத்துக்கிட்டேன் தம்பி. ஆனா கறாராச் சொல்லிட்டேன், அரை மணி நேரம்லாம் பத்தாது, ஒரு மணி நேரம் குடுத்தாத்தான் வருவேன்னு. பின்ன என்ன? இன்னைக்கு நான் திட்டுனது மொத நாலு படத்துக்குத்தான். இன்னும் இருபத்தேழு கெடக்கு.